கடைசியாகப் போட்ட சீட்டு

கோவளம் என்றதும் தமிழ்நாட்டிலேயே பாதிப் பேருக்குக் கேரளம்தான் நினைவுக்கு வருகிறது. 2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் நடந்த ஆசிய அலைச்சறுக்குப் போட்டியில் வெண்கலம் வென்ற ரமேஷ் புதிஹாள்கூட அந்தக் கோவளத்தில் வளர்ந்தவர்தான். நான் சொல்வது செங்கல்பட்டு மாவட்டத்துக் கோவளம். திருவான்மியூரில் பஸ் ஏறி, கிழக்குக் கடற்கரைச் சாலையில் முட்டுக்காட்டுப் பாலத்தைத் தாண்டினால் இடது கைப்பக்கம் கடலை நோக்கி ஒரு சாலை பிரியும். தர்கா, கார்மேல் மாதா கோயில், மீனவர் குப்பம், அலைச்சறுக்குப் பலகை வாடகைக்கு விடும் கடைகள் என்று எல்லாம் நடந்தே பார்த்துவிடக்கூடிய தூரத்தில் இருக்கின்றன. கிழக்கிந்தியக் கம்பெனிக் காகிதங்களில் இந்த ஊர் கவ்லாங். ஆற்காட்டு நவாப் காலத்தில் சாதத் பந்தர்.

எனக்கு அங்கே பார்க்க வேண்டியது ஒரு கோட்டை. கோட்டை இல்லை என்பது தெரியும். அது இருந்த இடத்தையாவது பார்க்கலாம் என்று கிளம்பினேன். அக்கா மகனும் அவன் கல்லூரித் தோழனும் ஒட்டிக்கொண்டார்கள். மறுவாரம் சென்னையில் ஒரு கடையில் அவர்களுக்குப் போட்டி. ஆட்டம் ‘மேஜிக் தி கேதரிங்’. "வீட்ல உக்காந்தா அம்மா திட்டிக்கிட்டே இருக்காங்க மாமா. நீங்க கோட்டையப் பாருங்க, நாங்க ஒரு ஓரமா ப்ராக்டிஸ் பண்றோம்" என்றான்.

அக்காவையும் குறை சொல்ல முடியாது. நம் வீடுகளில் சீட்டு என்றாலே சொத்து அழிந்த கதை ஒன்று கூடவே வரும். ரம்மி திறமை ஆட்டம்தான் என்று உச்ச நீதிமன்றம் 1960களிலேயே சத்யநாராயணா வழக்கில் சொல்லிவிட்டது. இணையச் சூதாட்டத்தைத் தடுக்கத் தமிழ்நாடு அரசு 2022-இல் கொண்டுவந்த சட்டம் மறுபடி நீதிமன்றம் ஏறியது. 2025-இல் நாடாளுமன்றமே பணம் கட்டி ஆடும் இணைய ஆட்டங்களை மொத்தமாகத் தடை செய்தது. இத்தனைக்கும் பிறகு, "இது காசு வச்சு ஆடுறது இல்லம்மா" என்று ஒரு பையன் சொன்னால் எந்த அம்மா நம்புவாள்? அதுவும் ஒரே ஒரு சீட்டுக்கு ஆயிரக்கணக்கில் விலை உண்டு என்று அவளுக்குத் தெரிந்துவிட்டால்?

கடற்கரையில் காற்று தூக்கிக்கொண்டு போனது. சீட்டுகளுக்குப் பிளாஸ்டிக் உறை போட்டிருந்தார்கள். அது இன்னும் வழுக்கியது. கடைசியில் படகுகளுக்குப் பின்னால் இருந்த வலை பின்னும் கூடத்தில் ஒரு மூலை கிடைத்தது. அங்கே வலையைப் பிரித்துப் போட்டுக் கிழிசல் தைத்துக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் நிமிர்ந்து பார்த்து, "இன்னா தம்பி, ரம்மியா?" என்றார். இல்லை என்றதும் அவருக்கு ஆர்வம் கூடிவிட்டது.

இந்த ஆட்டத்தை உண்டாக்கியவர் ரிச்சர்ட் கார்ஃபீல்ட் என்ற அமெரிக்கர். கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்றவர். 1993-இல் ஆட்டம் கடைக்கு வந்தது. நமக்குத் தெரிந்த சீட்டாட்டத்தில் 52 சீட்டு, எல்லோருக்கும் ஒரே கட்டு. இதில் ஒவ்வொருவரும் தன் கட்டைத் தானே சேர்த்துக்கொண்டு வருகிறார். இதுவரை அச்சான தனித்தனிச் சீட்டுகள் 25,000-க்கும் மேல். ஒவ்வொன்றிலும் ஒரு படம், கீழே இரண்டு மூன்று வரி. அந்த வரிகள்தான் விஷயம். விதிப்புத்தகம் ஒன்றைச் சொல்லி, சீட்டு வேறொன்றைச் சொன்னால் சீட்டு சொன்னதே செல்லும். இதுதான் ஆட்டத்தின் பொன்விதி. அதாவது அரசியல் சட்டத்தை மீறுவதற்கென்றே பிறந்த 25,000 குட்டிச் சட்டங்கள். தனியாகப் படித்தால் ஒவ்வொன்றும் பள்ளிப் பிள்ளைக்குப் புரியும். இரண்டு சேர்ந்தால்தான் வழக்கறிஞர் தேவைப்படும். முழு விதித்தொகுப்பு 200 பக்கத்துக்கு மேல் நீள்வது இதனால்தான்.

மருமகன் எனக்கு முதலில் காட்டியது ஒரு கரடி. கிரிஸ்லி பேர்ஸ் என்று பெயர். அடிக்கும் பலம் 2, தாங்கும் பலம் 2. எதிராளி அதன்மேல் லைட்னிங் போல்ட் என்ற இடியை எறிகிறான். அது 3 அடி. கரடி சாக வேண்டும். ஆனால் இடி உடனே விழுவதில்லை. ‘நான் இதைச் செய்யப் போகிறேன்’ என்று அறிவித்ததும் அது ஒரு வரிசையில் போய் உட்காருகிறது. அந்த வரிசைக்கு ஸ்டாக் என்று பெயர். கரடிக்காரன் இப்போது ஜெயன்ட் க்ரோத் போடலாம். அந்தச் சுற்று முடியும்வரை கரடிக்கு 3 பலம் கூடும். அதுவும் ஸ்டாக்கில், இடிக்கு மேலே போய் உட்காருகிறது. இனி யாருக்கும் சொல்ல எதுவும் இல்லை என்றதும் மேலிருந்து கீழாக எடுக்க வேண்டும். மெஸ்ஸில் கழுவி அடுக்கிய தட்டுகளில் கடைசியாக வைத்ததுதானே முதலில் கைக்கு வரும், அப்படித்தான் இதுவும். முதலில் கரடி 5-க்கு 5 ஆகிறது. பிறகு இடி விழுகிறது. 3 அடி வாங்கிக்கொண்டு கரடி நிற்கிறது.

"இப்ப அதே ரெண்டு கார்டு, திருப்பிப் போடுறேன் பாருங்க" என்றான் தோழன். கரடிக்காரன் அவசரப்பட்டு முதலில் பலத்தை ஏற்றப் பார்க்கிறான். அது ஸ்டாக்கில் காத்திருக்கும்போது எதிராளி இடியை எறிகிறான். இடி மேலே, பலம் கீழே. இடி முதலில் விழுகிறது. அப்போது கரடி இன்னும் 2-க்கு 2 தான். கரடி போய்விட்டது. பிறகு பலம் வருகிறது, ஏறிக்கொள்ள ஆள் இல்லை, வீணாகிறது. சீட்டுகள் அவையேதான், எழுத்தும் அதேதான். ஒரு தடவை கரடி பிழைத்தது, இன்னொரு தடவை செத்தது.

பெரியவர் ஊசியை நிறுத்திவிட்டுக் கேட்டார்: "கடைசியா பேசுனவனுக்குத்தான் முதல்ல நடக்குதா? அப்ப முதல்ல பேசுறவன் ஏமாளியா?"

"அதான் தாத்தா. தெரிஞ்சவன் முதல்ல பேச மாட்டான்."

ஆனால் யாராவது முதலில் பேசியாக வேண்டுமே. அதற்கும் விதி உண்டு. பேசும் உரிமை ஒரு நேரத்தில் ஒருவர் கையில்தான் இருக்கும். யாருடைய சுற்றோ அவருக்கு முதலில். அவர் ஏதாவது செய்யலாம், அல்லது ‘பாஸ்’ சொல்லலாம். இருவரும் அடுத்தடுத்து பாஸ் சொன்னால் மட்டும் மேலே இருக்கும் ஒன்று நடக்கும். நடந்ததும் உரிமை மறுபடி சுற்றுக்காரரிடம் திரும்பும். கடலில் அப்போது நடந்துகொண்டிருந்ததும் ஏறக்குறைய இதே கதைதான். மீனவக் குடும்பத்தில் பிறந்த மூர்த்தி மேகவன் 2012-இல் இங்கே அலைச்சறுக்குப் பள்ளி தொடங்கிய பிறகு கோவளத்துப் பையன்கள் போட்டி விதிகளைத் தண்ணீரிலேயே கற்றுக்கொள்கிறார்கள். அலை உடையும் உச்சிக்கு மிக அருகில் இருப்பவனுடையது அந்த அலை. போட்டியில் இன்னும் கறார்: முன்னுரிமை யாரிடம் என்பதை நடுவர்கள் அறிவித்துக்கொண்டே இருப்பார்கள். அவன் ஓர் அலையை எடுத்தால் உரிமை போய்விடும். வரிசையில் கடைசிக்குப் போக வேண்டும். உரிமை உள்ளவனின் வழியில் குறுக்கிட்டவனுக்கு மதிப்பெண் வெட்டு. அதனால் நல்ல அலை வரும்வரை, வருகிற சுமாரான அலைகளையெல்லாம் விட்டுவிட்டுப் பலகைமேல் உட்கார்ந்தே இருக்கிறார்கள். வெளியே நின்று பார்ப்பவனுக்குச் சோம்பேறித்தனமாகத் தெரியும்.

ஆட்டம் பிறந்தபோது இந்த ஸ்டாக் கிடையாது. முதல் ஆறு ஆண்டுகள் குழப்பம்தான். குறுக்கே பாய்வதற்கென்று தனி வகைச் சீட்டுகள், அடியைத் தடுக்கத் தனி நேரம், ஊருக்கு ஒரு வழக்கம். 1999-இல் ஆறாம் பதிப்பு விதிகளோடுதான் ‘கடைசியாக வந்தது முதலில்’ என்று ஒரே கோடு போட்டார்கள். அந்த விதி நியாயமானதா என்று என்னைக் கேட்டால், இல்லை என்பேன். முதலில் வந்தவன் வரிசையில் முதலில் நிற்க வேண்டும் என்றுதானே ரேஷன் கடையிலிருந்து திருப்பதி வரை கற்றிருக்கிறோம். ஆனால் முன்கூட்டியே தெரிந்த அநியாயத்தை வைத்துத் திட்டம் போடலாம். ஆளுக்கேற்ப மாறும் நியாயத்தை வைத்து ஒன்றும் செய்ய முடியாது.

இங்கிருந்து தெற்கே போனால் மாமல்லபுரம். அதை ஒட்டிய பூஞ்சேரியில் 2022 ஜூலை 28 முதல் ஆகஸ்ட் 10 வரை 44-ஆவது செஸ் ஒலிம்பியாட் நடந்தது. 180-க்கும் மேற்பட்ட நாடுகள். சதுரங்கத்தில் ஒரு குதிரை இன்னொரு குதிரையின் இலக்கணத்தை மாற்றுவதில்லை. நேரத்தால் சிக்கல் தரும் விதி என்றால், தாண்டிப்போன சிப்பாயை வெட்டும் ‘ஆன் பஸான்’ ஒன்றைச் சொல்லலாம்: அடுத்த நகர்த்தலிலேயே வெட்ட வேண்டும், விட்டால் உரிமை போச்சு. சதுரங்கம் ஆடுகிறவர்களிலேயே பலருக்கு இது தடுமாறும். மேஜிக்காரர்கள் அப்படிப்பட்ட விதிகளுக்குள்ளேயே குடியிருக்கிறார்கள்.

வெயில் ஏறியதும் மருமகன் பெட்டியிலிருந்து இரண்டு சீட்டுகளை எடுத்துப் பெருமையோடு வைத்தான். ஆட்டக்காரர்கள் நடுவே பெயர் போன ஜோடி. 1997-இல் வந்த ஹ்யூமிலிட்டி. 1999-இல் வந்த ஒபலெசன்ஸ். ஹ்யூமிலிட்டி சொல்வது: எல்லா உயிரினங்களும் தங்கள் திறன்களை இழக்கும், எல்லாமே 1-க்கு 1 ஆகும். ஒபலெசன்ஸ் சொல்வது: தன்னையும் ஆரா என்ற வகையையும் தவிர மற்ற மந்திரச் சீட்டுகள் எல்லாம் உயிரினமாகும், விலை எவ்வளவோ அவ்வளவு பலம். ஹ்யூமிலிட்டி ஒரு மந்திரச் சீட்டு. விலை 4. ஆக, ஒபலெசன்ஸ் அதற்கு உயிர் கொடுக்கிறது. உயிர் வந்ததும் ஹ்யூமிலிட்டி தன் சட்டத்தின் கீழ் தானே வருகிறது. தன் திறனைத் தானே பிடுங்கிக்கொள்கிறது. திறன் போனால் பிடுங்கும் சக்தியும் போக வேண்டும். சக்தி போனால் திறன் திரும்ப வேண்டும். திரும்பினால்?

பஸ்மாசுரன் தன் தலையில் கை வைத்துச் சாம்பலானான் என்று கதையை முடித்துவிடுகிறோம். அவன் எரிந்த நொடியில் வரமும் எரிந்ததா, வரம் எரிந்தால் அவன் எப்படி எரிந்தான் என்று எந்தப் பாட்டியும் கேட்டதில்லை. இந்தப் பையன்கள் கேட்கிறார்கள். விடையும் வைத்திருக்கிறார்கள்.

விடைக்குப் பெயர் லேயர். நீடித்து நிற்கும் விளைவுகளை ஏழு அடுக்காகப் பிரித்து, அடுக்கு அடுக்காகக் கணக்குப் போட வேண்டும். முதலில் நகல், பிறகு யார் கட்டுப்பாட்டில் இருக்கிறது, பிறகு சீட்டின் எழுத்து, நான்காவது வகை, ஐந்தாவது நிறம், ஆறாவது திறன், ஏழாவது பலம். நான்காவது அடுக்கில் ஒபலெசன்ஸ் வேலை செய்து ஹ்யூமிலிட்டியை உயிரினமாக்குகிறது. ஆறாவதில் ஹ்யூமிலிட்டி, தன்னையும் சேர்த்து, எல்லா உயிரினங்களின் திறனையும் பறிக்கிறது. ஆனால் ஓர் அடுக்கில் வேலையைத் தொடங்கிவிட்ட விளைவு, நடுவில் அதன் மூலமே அழிந்தாலும் மிச்ச அடுக்குகளிலும் தன் வேலையை முடித்துவிட்டுத்தான் போகும். ஆகவே ஏழாவதில் ஹ்யூமிலிட்டி ‘1-க்கு 1’ என்கிறது, ஒபலெசன்ஸ் ‘4-க்கு 4’ என்கிறது. இரண்டில் எது பின்னால் மேசைக்கு வந்ததோ அதன் பேச்சு நிற்கும். ஹ்யூமிலிட்டி பின்னால் வந்திருந்தால் அது 1-க்கு 1. ஒபலெசன்ஸ் பின்னால் வந்திருந்தால் 4-க்கு 4.

"அப்ப இங்கயும் கடைசியா வந்தவன்தானா?" என்றார் பெரியவர்.

"எப்பவும் இல்ல தாத்தா" என்று தோழன் வேறு இரண்டைப் போட்டான். பிளட் மூன்: சாதாரண வகையல்லாத நிலங்கள் எல்லாம் மலையாகும். அர்போர்க் என்பது அப்படி ஒரு நிலம். அதன் எழுத்து, எல்லா நிலங்களும் கூடுதலாகச் சதுப்பு நிலமும் ஆகும் என்கிறது. இரண்டும் ஒரே அடுக்கு. நேரக் கணக்குப்படி பின்னால் வந்தது வெல்ல வேண்டும். ஆனால் பிளட் மூன் முதலில் வேலை செய்தால் அர்போர்க் வெறும் மலையாகி, தன் எழுத்தையே இழந்துவிடும். ஒன்றின் இருப்பே இன்னொன்றைச் சார்ந்திருக்கிறது. அப்படிச் சார்ந்திருந்தால் நேரக் கணக்கைத் தள்ளிவைத்துவிட வேண்டும். எது எப்போது வந்தாலும் பிளட் மூனுக்கே முதலிடம். சதுப்பு நிலம் இல்லை.

இதைக் கேட்டதும் எனக்குக் கோவளத்தின் பழைய கதை ஒன்று சட்டென்று விளங்கிற்று. ஒஸ்டெண்ட் கம்பெனி என்று ஒன்று இருந்தது. புனித ரோமானியப் பேரரசர் ஆறாம் சார்லஸ் 1722-இல் சாசனம் கொடுத்த வணிகக் கம்பெனி. சோழமண்டலக் கரையில் அவர்களுடைய கிடங்கு இந்தக் கோவளத்தில்தான். வியாபாரம் நன்றாகவே நடந்தது. அதுதான் வினை. ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் பொறுக்கவில்லை. சார்லஸுக்கு ஆண் வாரிசு இல்லை. மகள் மரியா தெரேசா பட்டத்துக்கு வருவதை மற்ற நாடுகள் ஒப்புக்கொள்ள வேண்டும். 1727-இல் கம்பெனியை நிறுத்திவைத்தார். 1731-இல் வியன்னா ஒப்பந்தத்தில் இங்கிலாந்து மகளின் வாரிசுரிமையை ஏற்றது, அவர் கம்பெனியைக் கலைத்தார். கோவளத்துக் கிடங்கில் உட்கார்ந்திருந்தவர்கள் சரக்கில் தப்புச் செய்யவில்லை, கணக்கில் தப்புச் செய்யவில்லை. அவர்கள் கையிலிருந்த சீட்டின் எழுத்து வேறெங்கோ அழிக்கப்பட்டது.

"ப்ளட் மூன்தான் மாமா, சந்தேகமே இல்ல" என்றான் மருமகன். அதற்குப் பிறகு கோட்டையில் அவனுக்கும் அக்கறை வந்துவிட்டது. பெட்டியைப் பெரியவரிடம் ஒப்படைத்துவிட்டு மணலில் வடக்கே நடந்தோம்.

நவாப் அன்வருதீன் 1740களில் கட்டிய கோட்டை அது. அந்த இடத்தில் 1970களிலிருந்து தாஜ் குழுமத்தின் விடுதி இருக்கிறது. கரையிலிருந்து பார்த்தால் தென்னை, புல்வெளி, குடிசை மாதிரி கட்டிய விலையுயர்ந்த அறைகள். மணலில் நின்றுகொண்டே நான் 1750-ஐச் சொன்னேன். கிழக்கிந்தியக் கம்பெனியின் வரலாற்றாசிரியர் ராபர்ட் ஓர்ம் எழுதிவைத்தது. பிரெஞ்சுக் கப்பல் ஒன்று இந்தக் கரைக்கு எதிரே நங்கூரம் போட்டு, ஆபத்து என்று அடையாளம் காட்டியது. மாலுமிகளில் பலர் நோயில் செத்துவிட்டார்கள், மிச்சம் பேரையும் கரையில் இறக்காவிட்டால் சாவார்கள் என்றார்கள். கோட்டைத் தலைவன் இரங்கினான். காசு கிடைக்கும் என்ற எண்ணமும் இருந்தது. மெலிந்து வாடிய தோற்றத்தில் 30 பேர் உள்ளே வந்தார்கள். உடைக்குள் ஆயுதம். இரவில் எழுந்து காவலர்களை மடக்கினார்கள். கோட்டை பிரெஞ்சுக்காரர் கையில்.

மருமகனும் தோழனும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு ஒரே குரலில் "மார்ஃப்!" என்றார்கள்.

2002-இல் வந்த வகை அது. உயிரினத்தைக் குப்புறக் கவிழ்த்து மேசையில் வைக்கலாம். பெயர் கிடையாது, திறன் கிடையாது. எதுவாக இருந்தாலும் பார்வைக்கு ஒரு 2-க்கு 2 மட்டுமே. எதிராளி அதை ஒரு நோஞ்சானாக மதித்து ஆடுவான். உரிய விலையைக் கொடுத்து அதைத் திருப்பலாம், பேசும் உரிமை தன் கையில் இருக்கும் எந்த நேரத்திலும். கொடூரம் இங்கேதான்: அப்படித் திருப்புவது ஸ்டாக்கில் போய் உட்காராது. அறிவிப்பு இல்லை, காத்திருப்பு இல்லை, ‘இரு, நான் ஒன்று சொல்கிறேன்’ என்று எதிராளி இடைமறிக்க இடமே இல்லை. சீட்டு நிமிர்ந்தால் நிமிர்ந்ததுதான். இடியை எறிய வேண்டும் என்றால், அது நோஞ்சானாகப் படுத்திருக்கும்போதே எறிந்திருக்க வேண்டும். கோட்டைத் தலைவனுக்கும் வாய்ப்பு கடற்கரையில்தான் இருந்தது. வாசலுக்குள் விட்ட பிறகு இல்லை.

குப்புறப் போடும் வித்தை தமிழர்களுக்குப் புதிது இல்லை. யாழ்ப்பாணத்தில் ஆடும் 304 தெரிந்தவர்களுக்கு இது உடனே பிடிபடும். ஜாக்கிக்கு 30, ஒன்பதுக்கு 20, ஆசுக்கு 11, பத்துக்கு 10, ராஜாவுக்கு 3, ராணிக்கு 2. ஒரு வகைக்கு 76, நான்கு வகைக்கும் சேர்த்து 304. கேள்வி கேட்டு எடுத்தவர் துருப்பை வெளியே காட்டாமல் ஒரு சீட்டைக் கவிழ்த்து வைக்கிறார். இறங்கிய வகை கையில் இல்லாதவர், வெட்டப் போகிறாரா சும்மா கழிக்கிறாரா என்று காட்டாமல் தன் சீட்டையும் கவிழ்த்துப் போடுகிறார். அது துருப்பா இல்லையா என்பது மேசையில் ஒருவருக்குத்தான் தெரியும். கொழும்பிலும் டொரொண்டோவிலும் விடிய விடிய இதை ஆடுகிறவர்கள் இருக்கிறார்கள். கவிழ்த்த சீட்டை எப்போது திறக்க வேண்டும் என்பதில்தான் சண்டை வருகிறது. மேஜிக்கில் அந்தச் சண்டைக்கும் முன்னாலேயே அணை போட்டிருக்கிறார்கள்: ஆட்டம் முடிந்ததும் கவிழ்த்த சீட்டுகளையெல்லாம் திருப்பிக் காட்டியாக வேண்டும், ஏமாற்றவில்லை என்பதற்கு.

திரும்பி வந்தபோது பெரியவர் பெட்டியைத் தொட்டுக்கூடப் பார்த்திருக்கவில்லை. பையன்கள் அடுத்த ஆட்டத்தைத் தொடங்கினார்கள். போட்டியில் ஐயம் வந்தால் கையைத் தூக்கி "ஜட்ஜ்!" என்று கூப்பிட வேண்டும்; அவர் சொன்னது பிடிக்கவில்லை என்றால் தலைமை ஜட்ஜிடம் போகலாம்; அவர் சொன்னால் முடிந்தது. 2019-இல் அலெக்ஸ் சர்ச்சில், ஸ்டெல்லா பைடர்மேன், ஆஸ்டின் ஹெரிக் என்ற மூவர், இந்த ஆட்டத்துக்குள் ஒரு கணினியையே கட்டலாம், யார் வெல்வார் என்று எந்தக் கணிப்பு முறையாலும் சொல்ல முடியாத நிலைகள் இதில் உண்டு என்று நிறுவினார்கள். பாவம், அந்த ஜட்ஜுகள்.

நடுவில் ஒரு சிறு தகராறு. தோழனிடம் ஒரு சீட்டு இருந்தது. அதனால் அவன் சுற்றுத் தொடக்கத்தில் கூடுதலாக ஒரு சீட்டு எடுத்துக்கொள்ளலாம். அவன் மறந்துவிட்டான். மருமகன் கவனித்தான், சொல்லவில்லை. இரண்டு நகர்வு தாண்டிய பிறகு தோழனுக்கு நினைவு வந்தது. "ப்ராக்டிஸ்தானேடா, இப்ப எடுத்துக்கறேன்" என்றான். "போட்டியிலயும் இப்படித்தான் எடுப்பியா?" என்றான் மருமகன். கறாரான போட்டிகளில் உன் சீட்டு உனக்குத் தருவதை நீதான் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். எதிராளி நினைவூட்டக் கடமைப்பட்டவன் இல்லை.

பெரியவருக்கு இது ஆகவில்லை. "தெரிஞ்சுக்கிட்டே வாய மூடிக்கினு இருப்பியா? கூட்டாளிகிட்ட?"

"தாத்தா, கேட்டா பொய் சொல்லக் கூடாது. உயிர் எவ்ளோன்னு கேட்டா உண்மையச் சொல்லணும். கேக்காதப்ப சொல்ல வேண்டியதில்ல."

1752-ஐ இந்த இடத்தில் சொன்னேன். கோவளத்தைப் பிரெஞ்சுக்காரரிடமிருந்து பிடிக்க ராபர்ட் கிளைவ் வந்தார். கூட வந்த வெள்ளைச் சிப்பாய்கள் லண்டன் தெருக்களில் வாரிக்கொண்டு வந்த புது ஆட்கள். முதல் குண்டுக்கே ஓடினார்கள், ஒருவனை மறுநாள் கிணற்றின் அடியிலிருந்து எடுத்தார்களாம். எப்படியோ கோட்டை பணிந்தது. ஆனால் அது பணிந்த செய்தி செங்கல்பட்டில் இருந்த பிரெஞ்சுப் படைக்குப் போகவில்லை. அவர்கள் கோவளத்தைக் காப்பாற்ற நடந்து வந்தார்கள். கிளைவ் வழியில் பதுங்கியிருந்து அவர்களை முறித்தார். பிறகு செங்கல்பட்டுக் கோட்டையும் விழுந்தது. கோவளத்துக் கோட்டையை வெடி வைத்துத் தகர்த்தார்கள்.

"அவர் சொல்லணும்னு இல்லயே மாமா" என்றான் மருமகன். "வந்தவங்கதான பாத்திருக்கணும்?"

"வெளயாட்டும் அதுவும் ஒண்ணா தம்பி?" என்றார் பெரியவர். அவன் பதில் சொல்லவில்லை. தோழன் மட்டும் எடுத்த சீட்டைத் திரும்பக் கட்டில் வைத்துவிட்டு, "கலைச்சுடு, புதுசா ஆடலாம்" என்றான்.

வெயில் தாழ்ந்ததும் பெரியவர் வலையைச் சுருட்டிவிட்டு, இடுப்பு மடிப்பிலிருந்து தன் கட்டை எடுத்தார். ஓரமெல்லாம் தேய்ந்த இரண்டு கட்டு. காசு கிடையாது, ரம்மி, 101 புள்ளி, நாலு பேர் என்றார். போடுவதற்கு முன் ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டார். முதல் ஸ்கூட்டுக்கு 20, மிடில் ஸ்கூட்டுக்கு 40, ஃபுல்லுக்கு 80, சரியா? சரி. தப்பா டிக்ளேர் பண்ணா 80, சரியா? சரி.

"வெட்டி எடுக்கிற ஜோக்கரே, அச்சடிச்ச ஜோக்கரா வந்துட்டா?" என்றான் மருமகன்.

"எங்க ஊர்ல ஆசு ஜோக்கர். உங்க ஊர்ல?"

"எங்க வீட்ல திரும்ப வெட்டுவாங்க" என்றேன் நான்.

"அப்ப இப்பவே பேசி முடிச்சிடு சார். போட்டப்புறம் பேச்சு வேணாம்."

கொஞ்ச நேரம் வாதாடிவிட்டு ஆசு என்று ஒத்துக்கொண்டோம். அவர் சீட்டைப் போட ஆரம்பித்தார்.